நேற்றைய ரொட்டியில் இன்றைய சாப்பாடு: துருக்கி வீட்டுச் சமையல், முதல்முறை செய்பவர்களுக்கு

அங்காராவில் நான் குடியிருந்த கட்டடத்தின் வாசலில், குப்பைத் தொட்டிக்குப் பக்கத்துச் சுவரில் ஓர் ஆணி அடித்திருந்தார்கள். அதில் எப்போதும் ஒரு பிளாஸ்டிக் பை தொங்கும். உள்ளே காய்ந்த ரொட்டித் துண்டுகள். தொட்டி கைக்கெட்டும் தூரத்தில் இருக்க, ரொட்டியை மட்டும் ஏன் தனியாகத் தொங்கவிடுகிறார்கள் என்று முதல் வாரம் எனக்குப் புரியவில்லை. ரொட்டியைக் குப்பையோடு சேர்ப்பது அங்கே பாவம். வேறு வழியே இல்லை என்றால்தான் இப்படிப் பையில் கட்டித் தொங்கவிடுவார்கள். கால்நடை வளர்ப்பவர்களோ பறவைகளுக்குப் போடுபவர்களோ எடுத்துப்போவார்கள். தரையில் விழுந்த துண்டை எடுத்து முத்தமிட்டு, நெற்றியில் ஒற்றி, கால்படாத உயரத்தில் வைக்கும் பெரியவர்களைத் தெருவிலேயே பார்க்கலாம். ரொட்டியை 'நிமெத்' என்பார்கள். இறைவன் தந்த கொடை என்று பொருள்.

அப்படியும் வீணாகாமல் இல்லை. ரொட்டி வீணாவதைத் தடுக்க 2013-இல் அந்நாட்டின் தானிய வாரியம் நாடு தழுவிய பிரசாரம் ஒன்றைத் தொடங்கியது. நாளொன்றுக்குச் சுமார் 60 லட்சம் ரொட்டிகள் வீணாகின்றன என்று அப்போது கணக்குச் சொன்னார்கள். மூன்று வேளையும் மேசையில் ரொட்டி இருக்க வேண்டும், அதுவும் அன்று சுட்டதாக இருக்க வேண்டும் என்பது அங்கே வழக்கம். வெளியே மொறுமொறுப்பும் உள்ளே பஞ்சுமாக இருக்கும் அந்த வெள்ளை ரொட்டி மறுநாள் காலை கட்டையாகிவிடும். வாசல் பையில் தொங்குவது அதுதான். பைக்குப் போகாமல் தப்பியது அடுப்புக்குப் போகும். இந்தக் கட்டுரை அடுப்புக்குப் போகும் ரொட்டியைப் பற்றியது.

பழையது வேறு, கெட்டது வேறு

'பயாத் எக்மெக்' என்றால் பழைய ரொட்டி. கெட்டுப்போன ரொட்டி அல்ல. பச்சையாகவோ கருப்பாகவோ ஒரு புள்ளி பூசணம் தெரிந்தால்கூட அந்த ரொட்டியைச் சமையலுக்கு எடுக்காதீர்கள். புள்ளியை மட்டும் கிள்ளி எறிந்துவிட்டு மீதியைப் பயன்படுத்தலாம் என்று நினைக்க வேண்டாம். ரொட்டி மென்மையானது, கண்ணுக்குத் தெரியாமல் பூசண இழை உள்ளே ஓடியிருக்கும். அதைப் பறவைகளுக்கும் போடக்கூடாது.

ரொட்டி கட்டையாவதற்கு ஈரம் வற்றுவது மட்டும் காரணமல்ல. சுடும்போது நீரைக் குடித்து இளகிய மாவுச்சத்து, ஆறிய பிறகு மெல்ல மெல்ல மறுபடி இறுகுகிறது. குளிர்பதனப் பெட்டியின் குளிரில் இந்த இறுக்கம் இன்னும் வேகமாக நடக்கும். ஆகவே ரொட்டியைக் குளிர்பதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வைப்பதில் பயனில்லை. நாள்பட வைக்க வேண்டுமானால் துண்டுபோட்டு உறைபெட்டியில் வையுங்கள். இல்லையென்றால் துணிப்பையில் போட்டு வெளியே வையுங்கள்.

அங்காராவின் வறண்ட காற்றில் ரொட்டி தானாகவே காயும். நம்முடைய கடலோர ஊர்களில் காய்வதற்குள் பூசணம் முந்திக்கொள்ளும். அதனால் இரண்டாம் நாளே விரற்கடை கனத்தில் துண்டுபோட்டு, 120 டிகிரி அவனில் 20 நிமிடமோ, தோசைக்கல்லில் எண்ணெய் விடாமல் சிறுதீயிலோ காயவைத்துவிடுங்கள். சிவக்க வேண்டியதில்லை. தட்டினால் 'டக்' என்று சத்தம் வந்தால் போதும்.

எந்த ரொட்டி என்பதும் முக்கியம். பாக்கெட்டில் வரும் சாண்ட்விச் ரொட்டியில் இனிப்பும் கொழுப்பும் சேர்ந்திருப்பதால் குழம்பில் விழுந்தவுடன் பசையாகிவிடும். இனிப்பில்லாத, ஓடு கட்டிய பேக்கரி ரொட்டி கிடைத்தால் நல்லது. இலங்கையில் இருப்பவர்களுக்குக் கவலையில்லை, றோஸ் பாண் இந்த வேலைக்கென்றே பிறந்தது. பாக்கெட் ரொட்டிதான் கிடைக்கிறது என்றால் கல் போலக் காயவைத்துப் பயன்படுத்துங்கள்.

இனி வரும் உணவுகளைப் பிரித்துப் பார்த்தால் எல்லாவற்றிலும் ஒரே கேள்விதான்: காய்ந்த ரொட்டியை எதில், எவ்வளவு நேரம் நனைப்பது? ஒன்றுக்குப் பத்து விநாடி, இன்னொன்றுக்கு நான்கு மணி நேரம். பழையசோற்றுப் பழக்கத்தில் எல்லாவற்றுக்கும் முந்தின இரவே தண்ணீர் ஊற்றி வைத்துவிடாதீர்கள். நானும் ஒருமுறை காலையிலேயே ஊறப்போட்டேன். அந்தக் கதை கீழே வருகிறது.

பத்து விநாடி: யுமுர்தாலி எக்மெக்

முட்டை ரொட்டி. கைப்பழக்கம் வர இதிலிருந்து தொடங்குங்கள். 2 முட்டை, அரை டம்ளர் பால், சிறிது உப்பு, விருப்பமிருந்தால் மிளகுத்தூள். அடித்த கலவை அகலமான தட்டில் இருக்கட்டும். ஒன்றரை சென்டிமீட்டர் கனத்தில் வெட்டிய ரொட்டித் துண்டை அதில் போட்டுப் பத்து எண்ணுங்கள், திருப்புங்கள், மறுபடி பத்து எண்ணுங்கள். தூக்கினால் துண்டு வளையாமல் நிற்க வேண்டும். தொய்ந்தால் அதிகம் குடித்துவிட்டது என்று அர்த்தம், நடுவில் வேகாது. மிதமான தீயில், கொஞ்சம் தாராளமான எண்ணெயில், பக்கத்துக்கு இரண்டு நிமிடம். இந்த அளவுக்கு ஆறு துண்டுகள் வரும்.

கலவையில் சர்க்கரை சேர்ப்பதில்லை. உப்பான வெள்ளைப் பாலாடைக்கட்டி, தக்காளி, வெள்ளரி, கட்டஞ்சாயாவோடு காலையுணவாகச் சாப்பிடுவார்கள். இனிப்பு வேண்டும் என்பவர் தட்டின் ஓரத்தில் ஜாம் வைத்துக்கொள்வார். பாலாடைக்கட்டி கிடைக்காவிட்டால் பனீரை உதிர்த்து, உப்பும் ஒரு கரண்டி தயிரும் பிசைந்து வைத்தால் ஓரளவு நெருங்கி வருகிறது.

ஒரு நிமிடம்: பபாரா

இதில்தான் கொஞ்சம் நின்று பேச வேண்டும். பபாரா ஏழை வீட்டு உணவு. காய்ந்த ரொட்டி, அதன்மேல் சூடான சாறு, அதன்மேல் பூண்டுத் தயிர், அதன்மேல் சிவந்த வெண்ணெய். ஊருக்கு ஊர் மாறும். சிலர் வெங்காயத் தாளிப்பில் தண்ணீர் ஊற்றிக் கொதிக்கவைத்த சாறோடு நிறுத்துவார்கள். கொத்திறைச்சி சேர்ப்பவர்களும் உண்டு. பாலாடைக்கட்டியை உதிர்த்துப் போடுபவர்களும் உண்டு.

என் கீழ்வீட்டு அம்மாளிடம் இதைக் கற்றேன். 'தெய்ஸே' என்று கூப்பிடுவேன். சொல்லளவில் அம்மாவின் சகோதரி. வழக்கில், தெருவில் இருக்கும் வயதான பெண்கள் எல்லோருமே தெய்ஸேதான். அவர் சொன்ன பொருட்களை வாங்கி வந்து, முதல் தடவை நானாகவே செய்தேன். நேரம் மிச்சமாகட்டும் என்று ரொட்டியைக் காலையிலேயே சாறில் ஊறப்போட்டுவிட்டு வேலைக்குப் போனேன். மாலையில் பாத்திரத்தில் இருந்தது கூழ். அதன்மேல் தயிரை ஊற்றி எடுத்துக்கொண்டு கீழே போய்க் காட்டினேன். அவர் கரண்டியால் ஒரு தள்ளுத் தள்ளிப் பார்த்தார், தலையிலடித்துக்கொண்டார், அப்புறம் என்னை ஒரு பிடி பிடித்தார். கடைசியில் சிரித்தபடி, "மகளே, நீ சமைத்தது பபாரா இல்லை, இப்போது என்னிடம் சாப்பிட்டாயே, அதுதான் பபாரா" என்றார். துருக்கி மொழியில் 'பபாரா சாப்பிடுவது' என்றால் திட்டு வாங்குவது என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன்.

அவர் கற்றுக்கொடுத்த வரிசை இது. இரண்டு பேருக்கு:

1. 200 கிராம் காய்ந்த ரொட்டியை இரண்டு சென்டிமீட்டர் சதுரங்களாக வெட்டி, தோசைக்கல்லில் ஓரம் சிவக்கும்வரை வறுத்து, நீங்கள் பரிமாறப்போகும் அகலமான தட்டிலேயே பரப்பிவையுங்கள்.

2. ஒரு டம்ளர் கெட்டித் தயிரில் உப்போடு நசுக்கிய ஒரு பல் பூண்டைச் சேர்த்து அடித்து, குளிர் விடும்வரை வெளியே வையுங்கள். குளிர்ந்த தயிர் விழுந்தால் சாறு ஆறிப்போகும். பூண்டும் தனியாக நிற்கும்.

3. நடுத்தர வெங்காயம் ஒன்றைப் பொடியாக நறுக்கி எண்ணெயில் வதக்குங்கள். கொத்திறைச்சி 100 கிராம் சேர்ப்பதானால் இப்போது சேர்த்து, நீர் வற்றி நிறம் மாறும்வரை கிளறுங்கள். ஒரு மேசைக்கரண்டி தக்காளி விழுது போட்டு, பச்சை வாசனை போனதும் இரண்டு டம்ளர் எலும்புச் சாறோ வெந்நீரோ ஊற்றிக் கொதிக்கவிடுங்கள். உப்பைச் சற்றுத் தூக்கலாகப் போடுங்கள், ரொட்டி இழுத்துக்கொள்ளும்.

4. சாப்பிடுபவர்கள் உட்கார்ந்த பிறகே கொதிக்கும் சாறை அகப்பையால் ரொட்டியின் மேல் ஊற்றுங்கள். மொத்தத்தையும் ஊற்றிவிடாதீர்கள். தட்டின் அடியில் சாறு தேங்கினால் நிறுத்திக்கொள்ளுங்கள். ஒரு நிமிடம் காத்திருங்கள்.

5. தயிரை ஊற்றிப் பரப்புங்கள்.

6. கடைசியாக வெண்ணெய்.

இந்த ஆறாவது படியில்தான் புதியவர்கள் தடுக்கி விழுகிறார்கள். 50 கிராம் வெண்ணெயைச் சிறிய வாணலியில் உருக்கினால் முதலில் சடசடவென்று சத்தம் வரும். அது வெண்ணெயில் உள்ள நீர் வெளியேறும் சத்தம். சத்தம் அடங்கி, மேலே நுரை கட்டி, முந்திரி வறுபடுவது போல ஒரு மணம் எழும்போது அடுப்பை அணைத்துவிட வேண்டும். மிளகாய் அதற்குப் பிறகுதான். தெய்ஸே வாணலியை அடுப்பிலிருந்து எடுத்து, மூன்று வரை எண்ணிவிட்டு, ஒரு தேக்கரண்டி 'புல் பிபெர்' தூவுவார். நுரை ஒரு முறை பொங்கி, வெண்ணெய் முழுதும் செம்மண் நிறத்துக்கு மாறும். அடுப்பில் இருக்கும்போதே தூவினால் அந்த நிறம் கருகிப் பழுப்பாகும், கசக்கும்.

புல் பிபெர் என்பது செதில் செதிலாக உடைத்த சிவப்பு மிளகாய். எண்ணெய்ப் பசையும் குறைந்த காரமும் உடையது. நம் மிளகாய்த்தூளை அப்படியே போடாதீர்கள், நொடியில் கருகும். காஷ்மீரி மிளகாயின் விதையை உதறிவிட்டுக் கொரகொரப்பாக இடித்துப் போட்டால் நிறமும் காரமும் ஏறக்குறைய அதே அளவில் வருகின்றன.

சைவர்கள் இறைச்சியையும் எலும்புச் சாறையும் விட்டுவிட்டு வெங்காயச் சாறோடு செய்யலாம். உண்மையைச் சொன்னால் எனக்கு அதுதான் அதிகம் பிடிக்கிறது. தயிரும் வெண்ணெயும் அப்போதுதான் முன்னுக்கு வருகின்றன.

பபாராவின் பணக்கார உறவு: திரித்

அரபு நாடுகளின் 'தரீத்' என்ற உணவின் பெயரோடு சேர்ந்தது இந்தப் பெயர். ரொட்டியை இறைச்சிச் சாறில் நனைத்து உண்பது நபிகள் காலத்திலிருந்தே புகழ்பெற்றது. துருக்கியில் திரித்துக்குப் பேர்போன ஊர் கோன்யா. எலும்போடு கூடிய ஆட்டிறைச்சியை ஒரு வெங்காயமும் சில மிளகும் போட்டு மூன்று மணி நேரம் சிறுதீயில் வேகவைத்து, இறைச்சியைப் பிய்த்து எடுத்துவைத்துக்கொண்டு, சாறை வடிகட்டி ரொட்டிமேல் ஊற்றுவார்கள். மேலே தயிர், அதன்மேல் இறைச்சி, சுமாக் தூவிப் பிசறிய வெங்காயம், பார்ஸ்லி இலை, முடிவில் காய்ச்சிய வெண்ணெய். சுமாக் என்பது புளிப்பான ஒரு காயின் செந்நிறத் தூள். இல்லையென்றால் வெங்காயத்தில் உப்பும் எலுமிச்சையும் பிசறுங்கள்.

கருங்கடல் பக்கத்து கஸ்தமோனுவில் ரொட்டிக்குப் பதிலாக 'சிமித்' என்னும் வளைய ரொட்டியைப் பிய்த்துப் போடுகிறார்கள். அந்த ஊர்ச் சிமித்தில் எள் கிடையாது. இஸ்தான்புல்லின் எள் சிமித்தில் செய்து பார்த்தேன். எள் எல்லாம் சாறில் மிதந்தது. சிமித்தின் ஓடு கெட்டியானதால் கொஞ்சம் அதிக நேரம் தாங்கும். மற்றபடி செய்முறை பபாராவேதான். பூர்ஸா நகரத்து இஸ்கெந்தர் கபாப் சாப்பிட்டவர்களுக்கும் இந்த அடுக்கு தெரிந்ததுதான்: அடியில் தட்டை ரொட்டித் துண்டுகள், மேலே இறைச்சி, தக்காளிச் சாறு, சுடச்சுட வெண்ணெய், பக்கத்தில் தயிர்.

நனைத்துப் பிழிவது: கோஃப்தே

துருக்கி வீடுகளில் கோஃப்தே உருண்டைக்குப் பழைய ரொட்டியின் உட்பகுதி கிட்டத்தட்டக் கட்டாயம். இறைச்சியை மிச்சம் பிடிக்கப் போடுகிறார்கள் என்று நினைத்திருந்தேன். அது பாதிதான் உண்மை. வாணலியில் இறைச்சி சுருங்கி விடும் சாறை ரொட்டி பிடித்து வைத்துக்கொள்கிறது. ரொட்டியில்லாத உருண்டை ரப்பர் போல ஆகிவிடுகிறது. புது ரொட்டி உதவாது, பிசையும்போது கோந்தாகிறது.

அரை கிலோ கொத்திறைச்சிக்கு ஓடு நீக்கிய பழைய ரொட்டி 75 கிராம். இறைச்சியில் கொஞ்சம் கொழுப்பு இருக்கட்டும். ரொட்டியைத் தண்ணீரில் முக்கி, ஊறியதும் இரண்டு கையாலும் அழுத்திப் பிழியுங்கள். ஒரு வெங்காயத்தைத் துருவி அதன் நீரையும் பிழிந்துவிடுங்கள். இரண்டிலும் ஈரம் தங்கினால் உருண்டை வாணலியில் உடையும். ஒரு முட்டை, ஒரு தேக்கரண்டி சீரகத்தூள், மிளகு, உப்பு, நறுக்கிய பார்ஸ்லி சேர்த்து எட்டுப் பத்து நிமிடம் அழுத்திப் பிசைந்து, அரை மணி நேரம் குளிரில் வைத்து, விரல் நீளத்துக்கு உருட்டித் தட்டி, கொஞ்சம் எண்ணெயில் பொரியுங்கள்.

இறைச்சியே இல்லாத எக்மெக் கோஃப்தேசியும் உண்டு. பிழிந்த ரொட்டி, முட்டை, உதிர்த்த பாலாடைக்கட்டி, வெங்காயத்தாள், பார்ஸ்லி. சாயங்கால வடைக்குப் பழகிய நாக்குக்கு இது உடனே ஒத்துப்போகும்.

நனைத்து அரைப்பது: தாராத்தோர்

இஸ்தான்புல்லில் பொரித்த சிப்பிக்கும் கணவாய்க்கும் தொட்டுக்கொள்ள ஒரு வெள்ளைத் துவையல் வரும். அதன் பெயர் தாராத்தோர். மயோனைஸ் என்றுதான் முதலில் நினைப்பீர்கள். அதில் முட்டையே கிடையாது. பழைய ரொட்டி 60 கிராம் (ஓடு நீக்கி, நனைத்து, பிழிந்தது), வால்நட் 100 கிராம், பூண்டு 2 பல், ஓர் எலுமிச்சையின் சாறு, உப்பு. வால்நட்டையும் பூண்டையும் முதலில் அரைத்து, ரொட்டியைச் சேர்த்து, பிறகு 4 மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெயைச் சிறிது சிறிதாக விட்டு அரையுங்கள். இட்லி மாவைவிடச் சற்றுத் தளர்வாக வர வேண்டும்; கெட்டியானால் தண்ணீர் தெளியுங்கள். மீன் வறுவலுக்கு அருமையான ஜோடி.

இதே அரைப்பில் எலுமிச்சைக்குப் பதில் கோழிச் சாறைச் சேர்த்தால் 'செர்கெஸ் தவூ' ஆகிவிடும். செர்க்கேசியர் (காக்கசஸ் பகுதி மக்கள்) கோழி என்று பொருள். ஒரு கோழியை வெங்காயம், கேரட்டோடு வேகவைத்து இழை இழையாகப் பிய்த்துக்கொள்ளுங்கள். வால்நட் 200 கிராம், அதே சாறில் நனைத்த பழைய ரொட்டி 3 துண்டு, பூண்டு 2 பல் ஆகியவற்றை அரைத்துச் சாறு விட்டுத் தளர்த்தி, பாதியைக் கோழியோடு பிசறி, மீதியை மேலே பூசுங்கள். மிளகாய் சேர்த்துச் சூடாக்கிய எண்ணெயைக் கோடு கோடாக ஊற்றி, ஆறவைத்துப் பரிமாறுங்கள். குளிர்ந்த கோழியா என்று முகம் சுளிக்காதீர்கள். சூடாக இருந்தால் வால்நட்டின் சுவை தெரியாது.

நான்கு மணி நேரம்: விஷ்னெலி எக்மெக் தத்லிசி

இங்கே விதி தலைகீழ். மற்றதில் ரொட்டி கரையக்கூடாது என்று பயந்தோம். இதில் முழுதாகக் குடிக்க வேண்டும், ஆனால் வடிவம் மட்டும் நிற்க வேண்டும். அதற்கு ரொட்டி எலும்பு போலக் காய்ந்திருக்க வேண்டும். ஓடு நீக்கிய 8 துண்டுகளை 150 டிகிரியில் 25 நிமிடம், பொன்னிறமாகும்வரை வையுங்கள். இடையில் ஒருமுறை திருப்புங்கள்.

விஷ்னே என்றால் புளிப்புச் செர்ரி. கொட்டை நீக்கியது அரை கிலோ, சர்க்கரை 250 கிராம், தண்ணீர் ஒன்றரை டம்ளர். பழம் குழையாமல் பத்துப் பன்னிரண்டு நிமிடம் கொதிக்கட்டும். ரொட்டியைத் தட்டில் நெருக்கமாக அடுக்கி, கொதிக்கும் பாகை எல்லா இடத்திலும் படும்படி ஊற்றி, கரண்டியின் பின்புறத்தால் மெல்ல அழுத்துங்கள். பழங்களை மேலே பரப்புங்கள். ஆறியதும் நான்கு மணி நேரம் குளிர்பதனப் பெட்டியில். வெட்டினால் நடுவிலும் வெள்ளை தெரியக்கூடாது. மேலே 'கைமாக்' என்னும் கெட்டிப் பாலேடு வைப்பார்கள். காய்ச்சிய எருமைப்பாலின் ஆடையை நான்கு நாள் சேர்த்து வைத்தால் போதும், கடையில் தேட வேண்டாம்.

புளிப்புச் செர்ரி நம் பக்கம் சுலபமாகக் கிடைக்காது. நாவற்பழத்தில் முயன்றேன், துவர்ப்பு எல்லாவற்றையும் விழுங்கிவிட்டது. கொடைக்கானலிலிருந்து வரும் புளிப்பான பிளம்ஸ் பழத்தில் நன்றாக வந்தது, சர்க்கரையை மட்டும் 50 கிராம் கூட்டினேன். துருக்கிக் கடைகளில் 'எக்மெக் காடாயிஃப்' என்ற பெயரில் வரும் இனிப்பை இதோடு குழப்பிக்கொள்ளாதீர்கள். அது அந்த இனிப்புக்கென்றே தனியாகச் சுட்டுக் காயவைத்த ரொட்டியில் செய்வது.

நீக்கிய ஓடுகள்

கோஃப்தேக்கும் தாராத்தோருக்கும் இனிப்புக்கும் உட்பகுதியை எடுத்துக்கொண்டோம். மிஞ்சிய ஓடுகளை ஒரு தட்டில் சேர்த்துக்கொண்டே வாருங்கள். கையளவு சேர்ந்ததும் சிறுதீயில் மொறுமொறுவென்று காயவைத்து, மிக்ஸியில் விட்டு விட்டு அடித்தால் 'கலெத்தா உனு' தயார். கடையில் விலை கொடுத்து வாங்கும் ரொட்டித்தூள் இதுதான். கட்லெட்டுக்கும் மீனுக்கும் மேல்பூச்சு, கேக் தட்டில் ஒட்டாமலிருக்க ஒரு தூவல். அடித்த கையோடு டப்பாவில் போட்டு மூடாதீர்கள். தாளில் பரப்பி முழுதாக ஆறவிடுங்கள். மூடியின் உள்பக்கம் ஒரு துளி வேர்த்தாலும் மூன்றாம் நாள் பூசணம்.